பட்டி பார்க்கறதுக்கு முன்னாடி: வீட்டு விரிசலைப் படிக்கறது எப்படி?

இன்னைக்கு நாம பேசப்போற விஷயம் உங்க தலைக்கு மேலயே இருக்கலாம். விரிசல்.

ஒரு டெனன்ட் காலி பண்ணி, அடுத்தவர் வர்றதுக்குள்ள ஓனர் என்ன செய்வார்? பட்டி பார்த்து, மேல ஒரு கோட் பெயின்ட். சில விரிசலுக்கு அது போதும். சில விரிசலுக்கு அதுதான் ஆபத்து, ஏன்னா உள்ள நடக்கறதை அது மறைச்சிடும்.

முதல்ல பயமில்லாத வகை. சுவர்ல வலை மாதிரி மெல்லிசா ஓடுறது, பெரும்பாலும் பூச்சு காயும்போது சுருங்கினதால வந்தது. தூணும் செங்கல் சுவரும் சேர்ற இடத்துல நேர்கோடா வர்றதும் சகஜம். ரெண்டும் வெயிலுக்கு ஒரே அளவு விரியாது, அதான் காரணம்.

அகலத்தை அளக்கக் கருவி வேணாம். ஏ4 தாள் ஒண்ணு சுமார் 0.1 மி.மீ. தடிமன். கான்கிரீட்டுக்கான இந்தியத் தர விதி ஐ.எஸ். 456 பொதுவா அனுமதிக்கற விரிசல் 0.3 மி.மீ., அதாவது மூணு தாள். ஏ.டி.எம். கார்டு முக்கால் மி.மீ. இருக்கும். கார்டே உள்ள போச்சுன்னா, இன்ஜினியர்கிட்ட காட்டுங்க.

அடுத்து, அது வளருதா? விரிசல் முடியற இடத்துல பென்சில்ல ஒரு கோடு போட்டு, தேதி எழுதி, போட்டோ எடுத்து வைங்க. ஒரு மாசம் கழிச்சும், மழை முடிஞ்சும் பாருங்க. கோட்டைத் தாண்டலைன்னா நீங்களே சரிபண்ணலாம். விரிசலை 'வி' வடிவத்துல லேசா கீறி, தூசியை எடுத்து, அக்ரிலிக் கிராக் ஃபில்லர் அடைச்சு, காஞ்சதும் தேய்ச்சு, பிரைமர், பெயின்ட். மொட்டை மாடியில மட்டும் இழுத்தா நீளுற சீலன்ட் வேணும். அங்க விரிசல் தினமும் வெயில்ல மூடி, ராத்திரி திறக்கும்.

இப்போ பயப்பட வேண்டிய வகை: துரு விரிசல். நல்ல கான்கிரீட்டோட காரத்தன்மை உள்ள இருக்கற கம்பியைக் காப்பாத்தும். வருஷக்கணக்குல காத்துல இருக்கற கார்பன் டை ஆக்சைடு அந்தக் காரத்தைக் குறைக்கும். சென்னை, தூத்துக்குடி மாதிரி கடலோர ஊர்கள்ல உப்பும் சேர்ந்துக்கும். கம்பி துருப்பிடிச்சா, இரும்பை விட ரெண்டு மடங்குக்கு மேல இடம் கேட்கும். இடம் இல்லாததால கான்கிரீட்டை உள்ளேருந்து தள்ளும். கடைசியில பெயர்ந்து விழும், கீழே யார் இருந்தாலும்.

எப்படிக் கண்டுபிடிக்கறது? கம்பி போற பாதையிலயே நேர்கோடு, பழுப்புக் கறை, உப்பின கூரை. பாத்ரூமுக்குக் கீழ் கூரை, பால்கனி அடி, சன்ஷேட், இங்கெல்லாம் பாருங்க. ஓரமா நின்னு, நீளக் கம்பால தட்டுங்க. 'ணங்'னு கேட்டா கெட்டி. 'டொப்'னு பொள்ளலா கேட்டா, கட்டிலை அங்கிருந்து நகர்த்திடுங்க. அப்புறம்தான் மத்த பேச்சு.

இதுக்குப் பட்டி ஆகாது. முதல்ல நீர்க்கசிவை நிறுத்தணும். கொத்தனார் பொள்ளலான கான்கிரீட்டைக் கம்பிக்குப் பின்பக்கம் வரைக்கும் உடைச்சு எடுக்கணும். கம்பிப் பிரஷ்ல துருவைச் சுரண்டி, துருத் தடுப்புப் பூச்சு அடிச்சு, பாலிமர் கலந்த சாந்தால நிரப்பணும். கம்பியே மெலிஞ்சிருந்தா புதுக் கம்பி தேவையான்னு கட்டமைப்பு இன்ஜினியர் சொல்லணும். அது கொத்தனார் முடிவு இல்லை. தூண்லயோ பீம்லயோ விரிசல்னாலும் அவரைத்தான் கூப்பிடணும்.

வாடகை வீடா? தமிழ்நாட்டோட 2017 வாடகைச் சட்டம், டெனன்ட் உண்டாக்காத கட்டமைப்புப் பழுதை ஓனர் பொறுப்புல வைக்குது. ஒப்பந்தத்தையும் ஒருதடவை படிங்க. போன்ல சொல்லி விட்டுடாம, தேதி போட்ட போட்டோவோட எழுத்துல அனுப்புங்க. "பெயின்ட் அடிச்சுத் தர்றேன் தம்பி"ன்னு பதில் வந்தா, "அங்கிள், முதல்ல தட்டிப் பார்த்துடலாம்"னு சொல்லுங்க.