கூட்டுறவுச் சங்கத் தேர்தலும் நம் கடமையும்

அம்பத்தூர், ஆவடி, பூவிருந்தவல்லி வட்டாரத்தாராகிய நமக்கு ஒரு பெருமை உண்டு. ஆவடிக்கு மேற்கேயுள்ள திரூரில்தான் 1904-ஆம் ஆண்டில் நாட்டின் முதல் கிராம விவசாயக் கூட்டுறவுக் கடன் சங்கம் தோன்றியது. பங்குத்தொகை எவ்வளவாயினும் அங்கத்தினர் ஒருவருக்கு ஒரு வாக்கே என்பது கூட்டுறவின் உயிர்நாடியாகும்.

அந்த வாக்கை முதலில் காக்க வேண்டிய இடம் வாக்குச் சாவடியன்று, வாக்காளர் பட்டியலே. இறந்தவர் பெயர் நீங்காமலும், உரியவர் பெயர் விடுபட்டும் இருப்பின், தேர்தல் நாளில் பூசல் எழுவதில் வியப்பில்லை. ஆகவே, பட்டியல் வெளியானவுடன் அதனைப் படித்துப் பார்த்து, குறையிருந்தால் தேர்தல் அதிகாரிக்கு எழுத்து மூலம் தெரிவித்து, ஒப்புகை பெறுதல் வேண்டும். வேட்புமனு தள்ளப்பட்டால் அதன் காரணத்தையும் எழுத்தில் கேட்டுப் பெறுதல் நன்று. 2018-ஆம் ஆண்டுத் தேர்தலில் வேட்புமனுக்கள் பற்றிய முறையீடுகள் உயர்நீதிமன்றம் வரை சென்று, தேர்தல் பணிகள் தடைப்பட்டதை நாம் மறக்கலாகாது.

பஞ்சாயத்து உறுப்பினர்கள் கட்சி பேதமின்றி இப்பணியில் வழிகாட்டலாம். பட்டியலை ஊர்ப் பொதுவிடத்தில் படித்துக் காட்டினாலே பாதிச் சச்சரவு தீரும். தேர்தல் முடிந்த மறுநாள், வென்றவரும் தோற்றவரும் உரத்திற்கும் பயிர்க் கடனுக்கும் ஒரே சங்கத்தின் வாயிலில் நிற்க வேண்டியவர்களே. இதனை நினைவிற் கொண்டால் நேர்மையும் அமைதியும் தாமே நிலைபெறும்.