இஜாஸா: ஆசிரியர் பெயரால் அமைந்த கல்விச் சான்று

தாம்பரத்திற்குத் தெற்கே வண்டலூரில், கீழக்கரையைச் சேர்ந்த பி.எஸ். அப்துர் ரகுமான் 1984-இல் நிறுவிய கிரசென்ட் பொறியியற் கல்லூரி இன்று நிகர்நிலைப் பல்கலைக்கழகமாகும். அங்குப் பட்டம் வழங்குவது நிறுவனம். இடைக்கால இஸ்லாமியக் கல்வியில் நிலை வேறு.

பக்தாதில் செல்சூக்கிய அமைச்சர் நிசாமுல் முல்க் நிறுவிய நிசாமியா மத்ரஸா 1067-இல் திறக்கப்பட்டது. 1091-இல் இமாம் கஸ்ஸாலி அதன் ஆசிரியராக அமர்த்தப்பெற்றார். வக்ஃபு எனும் அறக்கொடையின் வருவாய் ஆசிரியர் ஊதியத்திற்கும் மாணவர் உண்டி உறையுளுக்கும் பயன்பட்டது. ஆயினும் சான்று மத்ரஸாவின் பெயரால் அமையவில்லை. மாணவர் ஒரு நூலை ஆசிரியர் முன் படித்துக்காட்டுவார். அல்லது அவர் ஓதக் கேட்டு எழுதுவார். அதன்பின் அந்நூலைப் பிறர்க்குக் கற்பிக்க ஆசிரியர் தம் பெயரில் அளித்த இசைவே இஜாஸா. ஆசிரியருக்கு ஆசிரியர் எனப் பின்னோக்கி நூலை இயற்றியவர் வரை செல்லும் இஸ்னாத் என்னும் தொடரும் அதில் இடம்பெறுவதுண்டு. எங்குப் படித்தார் என்பதினும் யாரிடம் படித்தார் என்பதே மதிப்பைத் தந்தது. மத்ரஸாவைப் 'பல்கலைக்கழகம்' எனப் பெயர்த்தெழுதும் வழக்கம் இவ்வேறுபாட்டை மறைத்துவிடுகிறது.

ஆசிரியர்வழி அறியப்பெறும் இம்மரபு தமிழகத்தில் நெடுங்காலம் நீடித்தது. கீழக்கரை மாப்பிள்ளை லெப்பை ஆலிம் (1816–1898) தைக்கா சாகிபின் மாணவர். ஆசிரியர் மகளை மணந்தமையால் 'மாப்பிள்ளை' எனப்பெற்றார். தமிழை அரபு எழுத்தில் எழுதும் அரபுத்தமிழில் அவர் இயற்றிய சட்டநூல் 'மகானி'. இத்தகைய சுவடிகளைப் பட்டியலிடுவோர் நூற்பெயரோடு நின்றுவிடலாகாது. யார் யாரிடம் ஓதினர் என்னும் செய்தி விளிம்புக் குறிப்புகளிலும் இறுதி ஏட்டிலுமே எஞ்சியிருக்கக்கூடும்.