சாம்பாரை ருசி பார்க்காத நடுவர்

திருவனந்தபுரத்தில் ஒரு கல்யாணத்துக்குச் சமையல் பொறுப்பாளரை அமர்த்த வேண்டும் என்று வைத்துக்கொள்ளுங்கள். அவியல், எரிசேரி எல்லாம் கைவந்திருக்க வேண்டும். பால்பாயசத்தோடு பிசைந்து சாப்பிட இலையில் போளியும் விழ வேண்டும், இந்த ஊரின் விருந்தான சத்யை அப்படி. யாரை அமர்த்துவது என்பது பெண் வீட்டார் பாடு. ஆனால் பெரிய மாமாவைக் கலக்காமல் ஆளை முடிவு செய்யக்கூடாது என்று குடும்பத்தில் ஒரு ஏற்பாடு. பின்னால் தகராறு முற்றி ஒரு நடுவரிடம் போகிறது. அவர் சாம்பாரை எடுத்து ருசி பார்க்க மாட்டார். மாமாவைக் கேட்டீர்களா என்பார். கேட்டபோது, போன கல்யாணத்தில் இந்த ஆள்மேல் வந்த புகாரையும் சொன்னீர்களா என்பார்.

தீர்ப்பாய நியமனங்களை நீதிமன்றம் ஆராய்வது ஏறக்குறைய இப்படித்தான்.

திருவனந்தபுரத்தில் 2010 முதல் கேரள நிர்வாகத் தீர்ப்பாயம் இயங்குகிறது. பதவி உயர்வு, பணிமூப்பு, இடமாற்றம் என்று மாநில அரசு ஊழியர்களின் வழக்குகள் முதலில் போவது இங்கேதான். எதிர்த்தரப்பில் எப்போதும் அரசு. உறுப்பினரை நியமிப்பதிலும் அரசுக்குக் கை உண்டு என்பதால்தான், சட்டம் தலைமை நீதிபதியை நடுவில் மாமாவாக உட்கார வைத்திருக்கிறது. நியமனம் சரியில்லை என்று நினைப்பவர் எர்ணாகுளத்துக்கு ரயிலேற வேண்டும். தலைநகரில் உயர் நீதிமன்றம் இல்லை என்பது இந்த ஊரின் பழைய ஆதங்கம். எர்ணாகுளத்திலுள்ள உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்கீழ் ரிட் மனு போடலாம். அதில் ‘கோ வாரண்டோ’ என்ற வகை, நாற்காலியில் இருப்பவரையே பார்த்து, எந்தச் சட்டப்படி உட்கார்ந்திருக்கிறீர்கள் என்று கேட்பது. கேட்பவர் சொந்தமாகப் பாதிக்கப்பட்டிருக்க வேண்டியதில்லை.

தமிழ்நாட்டில் இது நடந்திருக்கிறது. மாநில நுகர்வோர் ஆணையத் தலைவராக என். கண்ணதாசன் நியமிக்கப்பட்டதைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. 2009 மே மாதம் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தது. அவர் முன்பு கூடுதல் நீதிபதியாக இருந்து நிரந்தரமாக்கப்படாதவர். அதன் பின்னணி முழுவதும் தலைமை நீதிபதியின் முன் வைக்கப்படாததால், கலந்தாலோசனை செல்லாது என்றாயிற்று. மாமாவிடம் பாதி சொன்னது சொல்லாததற்குச் சமம்.

தீர்ப்பாயம் அல்ல என்றாலும், இதைவிடத் துலக்கமான உதாரணம் சமையல் எண்ணெயில் தொடங்குகிறது. 1991இல் கேரளத்தில் கே. கருணாகரன் அரசு செய்த பாமாயில் இறக்குமதி வழக்கானது. திருவனந்தபுரம் சிறப்பு நீதிமன்றத்தில் தாக்கலான குற்றப்பத்திரிகையில், அப்போது உணவுத் துறைச் செயலராக இருந்த பி.ஜே. தாமஸின் பெயரும் இருந்தது. 2010 செப்டம்பரில் அவர் மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையரானார். தேர்வுக் குழுவில் பிரதமர், உள்துறை அமைச்சர், எதிர்க்கட்சித் தலைவர். எதிர்க்கட்சித் தலைவரான சுஷ்மா சுவராஜ் எதிர்த்தார், மற்ற இருவரும் சேர்ந்து முடிவெடுத்தார்கள். ஒருவர் எதிர்த்தார் என்பதற்காக நியமனம் விழாது என்றே உச்ச நீதிமன்றம் சொன்னது. விழுந்தது வேறு காரணத்தால். தாமஸ்மீது துறை நடவடிக்கை வேண்டும் என்று 2000 முதல் 2004 வரை மத்தியப் பணியாளர் துறை எழுதிய குறிப்புகள் குழுவின் மேசைக்கு வரவேயில்லை. 2011 மார்ச் 3 அன்று நியமனம் ரத்தானது. அவர் குற்றவாளி என்று தீர்ப்பு சொல்லவில்லை, அது அதன் வேலையும் அல்ல.

வீட்டு ஏற்பாடே கோணலாக இருந்தால்? 2021 தீர்ப்பாயச் சீர்திருத்தச் சட்டம் உறுப்பினருக்கு நான்கே ஆண்டு பதவிக்காலம் என்றது, 50 வயதுக்குக் குறைந்தவர் வேண்டாம் என்றது. குழு ஓர் இடத்துக்கு இரண்டு பெயர் தர வேண்டும், அரசு ஒன்றைப் பொறுக்கிக்கொள்ளும் என்றது. உச்ச நீதிமன்றம் முன்பே அடித்ததைத்தான் நாடாளுமன்றம் மறுபடி எழுதியிருந்தது. மெட்ராஸ் வழக்கறிஞர் சங்கம் தொடுத்த வழக்கில் 2025 நவம்பர் 19 அன்று அந்த விதிகளும் விழுந்தன. மறுநியமனத்துக்கு அரசின் முகம் பார்த்திருப்பவர் அரசுக்கு எதிராகத் துணிந்து எழுதுவது கடினம் என்ற கவலை எனக்கும் நியாயமாகவே படுகிறது.

நியமனம் ரத்தானால் நீதிமன்றம் தனக்குப் பிடித்த ஆளை உட்கார வைப்பதில்லை. கோப்பு திரும்ப அரசிடமே போகும், தேர்வு மறுபடி நடக்கும். பதவி போனவர் அதுவரை எழுதிய தீர்ப்புகள் பொதுவாகச் செல்லும். கோகராஜு ரங்கராஜு வழக்கில் 1981இலேயே உச்ச நீதிமன்றம் அப்படிச் சொல்லிவிட்டது. பந்தியில் சாப்பிட்டு எழுந்தவர்களைத் திரும்பக் கூப்பிட முடியாதே.