மறையும் திருடன்



வீடு புகுந்த திருடன் வெள்ளிப் பாத்திரங்களைச் சாக்கில் போட்டுக்கொண்டிருக்கிறான். வீட்டுக்காரர் வந்து அவன் தோளைத் தட்டுகிறார். மறுகணம் ஆளைக் காணோம்! வீண் பிரமை என்று எண்ணிச் சுருட்டைப் பற்றவைக்கிறார். திருடன் மறுபடியும் தோன்றுகிறான். கைத்துப்பாக்கியால் சுடுகிறார், மீண்டும் மறைகிறான். சாக்காவது கிடைத்ததே என்று எடுத்தால், அதுவும் அவர் கையிலிருந்து மறைந்து திருடன் கைக்குப் போகிறது. அவன் சன்னல் வழியே ஓடிவிடுகிறான்.

ஏமாந்த அந்த வீட்டுக்காரர் யார்? துப்பறியும் ஷெர்லக் ஹோம்ஸ்தான்! 1900ஆம் ஆண்டில் நியூயார்க்கில் எடுக்கப்பட்ட இப்படம் அரை நிமிட அளவே ஓடும். ஹோம்ஸ் தோன்றும் படங்களில், நாமறிந்தவரை, இதுவே முதலாவது. இது திரையில் காட்டுவதற்கென எடுக்கப்பட்டதன்று. ஒரு பெட்டிக்குள் அடுக்கிய பட அட்டைகளைக் கைப்பிடியால் சுழற்றி, ஒருவர் மட்டும் குனிந்து பார்ப்பது. பயிற்சிப் புத்தகத்தின் ஓரத்தில் படம் வரைந்து சரசரவெனப் புரட்டுகிறார்களே மாணவர்கள், அதே தத்துவந்தான். (வகுப்பில் அதைக் கண்டால் நாங்கள் கண்டிப்பதும் உண்டு!)

திருடன் மறைந்தது எப்படி? படக்கருவியை நிறுத்துவார்கள். ஹோம்ஸாக நடிப்பவர் அசையாமல் நிற்பார். திருடன் வெளியேறியதும் கருவி மீண்டும் ஓடும். பிரான்சில் ஜார்ஜ் மெலியே என்ற மாயவித்தைக்காரர், 1896இலேயே இம்முறையால் ஒரு பெண்ணை மறையவைத்துக் காட்டியிருந்தார்.

கதைகளில் ஹோம்ஸ் ஒரு பிடி சாம்பலைக் கொண்டே ஆளைக் கண்டுபிடித்துவிடுவார். இங்கே அந்த அறிவு பலிக்கவில்லை. பலிக்காது; ஏனெனில் திருடன் ஒளிந்த இடம் வீட்டுக்குள் இல்லை, இரண்டு படங்களுக்கு இடையே இருக்கிறது. மெலியேயின் வித்தை வெறும் வேடிக்கை. இதிலோ சட்டமே தோற்றுப்போகிறது. எங்களுக்கு இந்தச் சிறு படம் பெரிதாகப்படுவது அதனால்தான்.

1913இல் லூயி ஃபியூயாத் என்பவர் பிரான்சில் 'ஃபான்டோமாஸ்' படங்களை எடுத்தார். குற்றவாளி இப்போது மாயமாய் மறைவதில்லை. மாறுவேடம் பூண்டு, உண்மையான பாரிஸ் தெருக்களில் கலந்துவிடுகிறான். தந்திரக் காட்சிக்கு அங்கே வேலை குறைவு. ஆனால் முதல் படத்தின் முடிவில் ஒன்று வருகிறது. அவனைத் தப்பவிட்ட துப்பறிவாளர் ஜூவ் முன், முகமூடியும் விருந்து உடையுமாக ஃபான்டோமாஸ் தோன்றுகிறான். ஒரே படச்சுருளில் இருமுறை படம் பதித்து உண்டாக்கிய நிழலுரு அது. விலங்கு மாட்டுங்கள் என்பது போல் இரு கைகளையும் நீட்டுகிறான். ஜூவ் பாய்ந்து பிடிக்கப் போகிறார். கையில் அகப்படுவது காற்றுத்தான்.