வல்லூறு, வைரி, ராஜாளி

அமெரிக்கக் கடற்படை விமானங்களின் கதை ஒரு மரப்பலகை மேடையில் தொடங்குகிறது. 1910ஆம் ஆண்டு நவம்பர் 14 அன்று 'பர்மிங்ஹாம்' என்ற போர்க்கப்பலின் முன்பகுதியில் சாய்வாக அடித்த பலகைகளின் மேல் ஓடி, யூஜின் எலி என்ற விமானி கிளம்பினார். விமானம் முதலில் கீழே சரிந்தது. சக்கரங்கள் கடல்நீரைத் தொட்டன. பிறகு எழும்பிக் கரை சேர்ந்தது. அடுத்த ஜனவரியில் 'பென்சில்வேனியா' என்ற கப்பலின் மேல் அவரே இறங்கியும் காட்டினார். மேடையின் குறுக்கே கயிறுகளைக் கட்டி, அவற்றின் இரு முனையிலும் மணல் மூட்டைகளை வைத்திருந்தார்கள். விமானத்தின் அடியில் இருந்த கொக்கிகள் கயிற்றில் மாட்டி, மூட்டைகளை இழுத்துக்கொண்டே நின்றன. மணல் மூட்டை போய் எந்திரம் வந்துவிட்டது என்றாலும், விமானந்தாங்கிக் கப்பலில் இன்றைக்கும் கொக்கியும் கம்பியும்தான் விமானத்தைப் பிடித்து நிறுத்துகின்றன.

எலி ஓட்டியவை கிளென் கர்டிஸ் என்பவரின் விமானங்கள். அமெரிக்கக் கடற்படை 1911இல் வாங்கிய முதல் விமானமும் அவருடையதே. அதன்பின் பல நிறுவனங்கள் இந்தத் தொழிலுக்கு வந்தன. எந்த விமானம் யாருடையது என்று தெரிய, கடற்படை ஒவ்வொரு நிறுவனத்துக்கும் ஓர் எழுத்தைக் கொடுத்தது. கன்சாலிடேட்டட் நிறுவனத்துக்கு 'ஒய்', கிரம்மனுக்கு 'எஃப்', வாட்டுக்கு 'யு'. பி.பி.ஒய். என்றால் கன்சாலிடேட்டட் கட்டிய ரோந்து, குண்டுவீச்சு விமானம். எஃப்-4-யு என்றால் வாட் நிறுவனம் கடற்படைக்கு வடிவமைத்த நான்காவது சண்டை விமானம். அதையே குட்இயர் நிறுவனம் கட்டினால் பெயர் எஃப்.ஜி. என்று மாறிவிடும். ஒரே விமானத்துக்கு இரண்டு மூன்று பெயர் வந்த குழப்பம் 1962இல் புது முறை வரும்வரை நீடித்தது.

இந்த எழுத்துகளில் தமிழ்நாட்டுக்கும் இலங்கைக்கும் முதலில் அறிமுகமானது 'ஒய்'. பி.பி.ஒய். விமானத்தின் பெயர் கேட்டலினா. 1935 மார்ச்சில் முதன்முதலாகப் பறந்தது. அடிப்பகுதி படகு போலவே இருக்கும். ஓடுதளம் வேண்டாம், ஏரியோ காயலோ போதும். 31 மீட்டருக்கு மேல் நீளும் ஒற்றை இறக்கை, உடலுக்கு மேலே ஒரு தூண் வைத்துத் தூக்கி நிறுத்தப்பட்டிருக்கும். வேகம் குறைவு, மணிக்கு 200 கிலோமீட்டர்தான் சாதாரணமாகப் போகும். ஆனால் ஒரு பகலும் ஓர் இரவும் இறங்காமல் வானில் இருக்கும். உள்ளே படுக்கைகள், சமைக்கச் சிறு அடுப்பு. பின்பக்கத்தில் இரு புறமும் பெரிய கண்ணாடிக் குமிழ்கள் உண்டு. அந்தக் குமிழுக்குள் உட்கார்ந்து மணிக்கணக்காகக் கடலையே பார்த்துக்கொண்டிருப்பது ஒருவரின் வேலை.

அந்த வேலையின் மதிப்பு இரண்டாம் உலகப் போரில், 1942 ஏப்ரல் 4 அன்று தெரிந்தது. காலிக்கு அருகிலுள்ள கொக்கலைக் காயலிலிருந்து கிளம்பிய கேட்டலினா ஒன்று, இலங்கைக்குத் தெற்கே ஜப்பானியப் பெரும் கப்பற்படை வருவதைக் கண்டது. அதை ஓட்டியவர் கனடா விமானப்படையைச் சேர்ந்த லெனார்ட் பர்ச்சால். இலங்கைக்கு வந்து இரண்டு நாள்தான் ஆகியிருந்தது. அவருடைய குழு செய்தியை அனுப்பிக்கொண்டிருக்கும்போதே ஜப்பானியச் சண்டை விமானங்கள் கேட்டலினாவைச் சுட்டு வீழ்த்தின. ஒன்பது பேரில் ஆறு பேர் உயிரோடு பிடிபட்டார்கள். செய்தி கொழும்புக்குப் போய்ச் சேர்ந்துவிட்டது. மறுநாள் ஈஸ்டர் ஞாயிறு. குண்டு வீச வந்த விமானங்கள், முன்னெச்சரிக்கையோடு காத்திருந்த துறைமுகத்தையே கண்டன. ஏப்ரல் 6 அன்று விசாகப்பட்டினத்திலும் காக்கிநாடாவிலும் குண்டு விழுந்தது. சென்னைப் பட்டணம் காலியானது. ரயில் பிடித்தும் மாட்டு வண்டி கட்டியும் மக்கள் உள்நாட்டுக்கு ஓடினார்கள்.

அதன்பின் கேட்டலினாக்கள் சென்னைக்கே வந்தன. செங்குன்றம் ஏரி, பிரிட்டிஷ் விமானப்படையின் படகு விமானத் தளமாயிற்று. 240ஆம் படையணி அங்கிருந்து வங்காள விரிகுடாவில் ரோந்து சுற்றியது. பட்டணத்துக்குக் குடிநீர் கொடுத்த ஏரியில், அமெரிக்காவின் சான் டியேகோ நகரத் தொழிற்சாலையில் பிறந்த விமானங்கள் மிதந்தன. பழுதானவை பெங்களூருக்குப் போயின. இந்துஸ்தான் விமானத் தொழிற்சாலைக்கு அருகிலிருந்த பெல்லந்தூர் ஏரியில் இறங்கி, அங்கே சீர்செய்யப்பட்டுத் திரும்பின. கொக்கலையிலிருந்து ஆஸ்திரேலியாவின் பெர்த் நகருக்கும் 1943 முதல் 1945 வரை கேட்டலினா ஓடியது. 5,500 கிலோமீட்டருக்கு மேல், எங்கும் இறங்காமல் 27 முதல் 33 மணி நேரம் வரை பறக்கும் பயணம் அது. அதிகம் போனால் மூன்று பயணிகள். அவர்கள் ஒரே பயணத்தில் இரண்டு சூரியோதயம் பார்த்தார்கள்.

படகு விமானத்துக்கு ஏரி போதும். சக்கர விமானத்துக்குத் தளம் வேண்டும். சோழவரம், அரக்கோணம், உளுந்தூர்பேட்டை, செட்டிநாடு, கயத்தாறு என்று போர்க்கால ஓடுதளங்கள் தமிழ்நாடு முழுக்க எழுந்தன. பிரிட்டிஷ் கடற்படை தன் விமானத் தளங்களுக்குப் பறவைகளின் பெயரை வைப்பது வழக்கம். இங்கே வந்தபோது உள்ளூர்ப் பெயர்களையே எடுத்துக்கொண்டது. கோயம்புத்தூரில் இருந்த பழுதுபார்ப்புப் பணிமனை 'கருடா'. சூலூர்த் தளம் 'வைரி'. தாம்பரத் தளம் 'வல்லூறு'. இலங்கையில் புத்தளம் 'ராஜாலியா', கட்டுக்குருந்தை 'உக்குஸ்ஸா'. இரண்டும் வேட்டைப் பறவைகளுக்கான சிங்களப் பெயர்கள். ஆங்கிலேய மாலுமிகளின் பதிவேட்டுக்கு வல்லூறு என்ற தமிழ்ச் சொல் போனது சின்ன விஷயமாகத் தோன்றலாம். ஆனால் அரக்கோணத் தளம் பிற்காலத்தில் பெற்ற பெயர் அதே வரிசையில் வந்ததுதான்.

இந்தப் பகுதிக்குப் போரின் பின்பாதியில் வந்த அமெரிக்கக் கடற்படை விமானங்களில் முக்கியமானவை மூன்று. வாட் நிறுவனத்தின் கோர்சேர், கிரம்மன் நிறுவனத்தின் ஹெல்கேட், அதே நிறுவனத்தின் அவெஞ்சர். கோர்சேரின் இறக்கை நடுவில் கீழே வளைந்து மறுபடி மேலேறும். அழகுக்காகச் செய்ததில்லை அது. 2,000 குதிரைத்திறன் எஞ்சினுக்கு ஏற்ப அதன் சுழலி 4 மீட்டர் அகலம் இருந்தது. தரையில் இடிக்காமல் இருக்க விமானத்தைத் தூக்க வேண்டும், சக்கரக் கால்களும் குட்டையாக, உறுதியாக இருக்க வேண்டும். இறக்கையை வளைத்ததும் இரண்டும் கைகூடின. நீண்ட மூக்கு விமானியின் பார்வையை மறைத்ததால் கப்பலில் இறக்குவது கடினம் என்று அமெரிக்கர்களே முதலில் தயங்கினார்கள். பிரிட்டிஷ் விமானிகள் நேராக வராமல் பக்கவாட்டில் வளைந்து வந்து இறக்கினார்கள். அவர்களுடைய கப்பல்களின் கீழ்த்தளம் உயரம் குறைவு என்பதால் இறக்கை நுனியில் ஒவ்வொரு பக்கமும் 20 சென்டிமீட்டரை வெட்டி எடுத்தார்கள். புத்தளத்தில் மழைச் சேற்றில் மாட்டிய கோர்சேரை யானை கட்டி இழுத்தார்கள்.

கிரம்மன் நிறுவனத்தின் தொடக்கம் எளியது. லிராய் கிரம்மனும் நண்பர்களும் 1930 ஜனவரியில் நியூயார்க்கின் லாங் தீவில் ஒரு பழைய கார் பணிமனையில் கடை திறந்தார்கள். கடற்படை விமானத்துக்குக் கப்பலில் இடம் கொஞ்சம். இறக்கையை மேல்நோக்கி மடித்தால் கூரையில் இடிக்கும். மடிக்காவிட்டால் சில விமானங்களே கொள்ளும். கிரம்மன் ஓர் அழிப்பானை எடுத்தார். காகிதம் செருகும் கம்பிகளை நிமிர்த்தி அதன் இரு பக்கமும் குத்தினார். எந்தக் கோணத்தில் குத்தினால் இறக்கை திரும்பிப் பின்னால் போய் உடலோடு ஒட்டிக்கொள்ளும் என்று திருப்பித் திருப்பிப் பார்த்துக் கண்டுபிடித்தார். பறவை சிறகை ஒடுக்குவது போலவே இருந்தது அது. இறக்கை விரித்தால் 13 மீட்டர் இருக்கும் ஹெல்கேட், ஒடுக்கினால் 5 மீட்டருக்குள் அடங்கியது. அந்த விமானத்தை 12,275 எண்ணிக்கையில் கட்டினார்கள். அவெஞ்சருக்கு இருந்த தேவையைக் கிரம்மன் ஒன்றால் சமாளிக்க முடியாமல், கார் செய்யும் ஜெனரல் மோட்டார்ஸ் பெரும்பகுதியைக் கட்டிக் கொடுத்தது.

திருகோணமலைத் துறைமுகத்தில் 1944 வசந்தத்தில் அமெரிக்க விமானந்தாங்கி 'சரடோகா' வந்து பிரிட்டனின் 'இல்லஸ்ட்ரியஸ்' உடன் சேர்ந்தது. ஏப்ரல் 19 அன்று இரண்டு கப்பலின் விமானங்களும் சேர்ந்து சுமத்ராவின் வடமுனையை ஒட்டி ஜப்பானியர் வசமிருந்த சபாங் துறைமுகத்தைத் தாக்கின. 1945 ஜனவரியில் பலெம்பாங் எண்ணெய் ஆலைகளைத் தாக்கப் போன கப்பல்களும் திருகோணமலையிலிருந்தே கிளம்பின.

போர் முடிந்ததும் இந்த விமானங்களுக்கு வந்த முடிவு வருத்தம் தருவது. அமெரிக்கா கடனாகக் கொடுத்தவை அவை. திருப்பித் தர வேண்டும், இல்லையேல் விலை கொடுக்க வேண்டும். பணம் இல்லாத பிரிட்டன் நூற்றுக்கணக்கானவற்றைக் கப்பலிலிருந்து கடலில் தள்ளியது. கான்பூரில் கன்சாலிடேட்டட் நிறுவனத்தின் லிபரேட்டர் குண்டுவீச்சு விமானங்களை, யாரும் மறுபடி பறக்கவிடக் கூடாது என்று சேதப்படுத்தி விட்டுப் போனார்கள். சுதந்திர இந்தியா அந்தக் குப்பையிலிருந்து ஏறத்தாழ 40 லிபரேட்டர்களை எழுப்பியது. பறக்கும் அளவுக்கு மட்டும் அங்கேயே ஒட்டுப்போட்டு, இந்துஸ்தான் நிறுவன விமானி ஜாம்ஷெட் முன்ஷி அவற்றைப் பெங்களூருக்கு ஓட்டி வந்தார். அங்கே முழுமையாகப் புதுப்பித்தார்கள். இந்தியாவின் கடல் ரோந்துக்கு 1968 வரை உழைத்தவை அந்த விமானங்களே. இந்திய விமானத் தொழில் செய்து காட்டிய முதல் பெரும் சாதனை என்று இதைத் தயங்காமல் சொல்லலாம்.

சூலூர் மறுபடி கடற்படையிடம், இம்முறை இந்தியக் கடற்படையிடம், வந்தது 1961இல். 'ஹன்சா' தளம் முதலில் அங்கேதான் அமைந்தது. கோவா விடுதலைக்குப் பிறகு டாபோலிமுக்கு மாறியது. அப்போது பறந்தவை பிரிட்டனின் சீஹாக், பிரான்சின் அலிஸே. அமெரிக்க விமானத்துக்கு வழியில்லை. அரசியல் அப்படி இருந்தது. 1971 டிசம்பரில், வங்கதேசப் போரின்போது, அமெரிக்க விமானந்தாங்கி 'என்டர்பிரைஸ்', மெக்டானல் நிறுவனத்தின் பேண்டம் விமானங்களோடு இந்தியாவை மிரட்டவே வங்காள விரிகுடாவுக்குள் வந்தது.

1976இல் இந்தியக் கடற்படை தன் 312ஆம் விமான அணியை அமைத்தது. ஏர் இந்தியா ஓட்டிக் கழித்து, பிறகு விமானப்படை பயன்படுத்திய லாக்ஹீட் சூப்பர் கான்ஸ்டலேஷன்களே அதன் முதல் விமானங்கள். 1988இல் சோவியத் யூனியனின் பிரமாண்டமான டுபோலெவ் 142 வந்தது. இந்த அணிக்காகவே அரக்கோணத்தில் போர்க்காலத் தளத்தைப் புதுப்பித்து, 4 கிலோமீட்டருக்கு மேல் ஓடுதளம் போட்டார்கள். 1992 மார்ச் 11 அன்று குடியரசுத் தலைவர் ஆர். வெங்கட்ராமன் அதைத் தொடங்கிவைத்தார். பெயர் 'ராஜாளி'. ராமநாதபுரம் உச்சிப்புளியில் உள்ள தளத்துக்குப் 'பருந்து'.

அதே 312ஆம் அணிக்கு 2013 மே 15 அன்று போயிங் நிறுவனத்தின் முதல் பி-8ஐ விமானம் அரக்கோணத்தில் இறங்கியது. 2009இல் எட்டு விமானங்களுக்குப் போட்ட ஒப்பந்தத்தின் மதிப்பு 210 கோடி டாலர். பின்னர் வாங்கிய நான்கும் சேர்த்து இன்று 12. வெளியே பார்த்தால் சென்னை விமான நிலையத்தில் தினமும் காணும் போயிங் 737தான். உள்ளே பயணி இருக்கைகளுக்குப் பதில் திரைகளின் முன் உட்கார்ந்திருக்கும் மாலுமிகள். வயிற்றுப் பகுதியிலிருந்து ஒலி மிதவைகளைக் கடலில் போடுவார்கள். மிதவை நீரில் விழுந்ததும் ஒரு கம்பியில் ஒலிவாங்கி கீழே இறங்கும். நீர்மூழ்கிக் கப்பலின் எஞ்சின் சத்தத்தைக் கேட்டு ரேடியோவில் விமானத்துக்கு அனுப்பும். வாலில் நீண்டிருக்கும் குச்சி காந்தமானி. நீருக்கடியில் இருக்கும் இரும்புத் திரள் பூமியின் காந்தப்புலத்தைச் சற்றே கலைப்பதை அது உணரும். அமெரிக்கா தன் விமானங்களில் எடை கருதி இதை விட்டுவிட்டது. இந்தியா கேட்டு வாங்கியது. ராடாரும் டார்பிடோவும் அமெரிக்கச் சரக்கு; தகவல் இணைப்புக் கருவியைச் செய்தது பெங்களூரின் பாரத் எலக்ட்ரானிக்ஸ்.

கடல் தாண்டியும் இவை வேலை செய்தன. 2017இல் டோக்லாமிலும் 2020இல் கல்வானிலும் எல்லை பதற்றமானபோது மலைகளின் மேல் பறந்து கண்காணித்தன. 2017 ஜூலையில் 'மலபார்' கூட்டுப் பயிற்சிக்கு அமெரிக்க விமானந்தாங்கி 'நிமிட்ஸ்' சென்னைக் கடலுக்கு வந்தது. 'என்டர்பிரைஸ்' வந்ததற்கு 46 ஆண்டுகள் கழித்து, இம்முறை நட்புக் கப்பலாக. 2020 நவம்பரில் ஜெனரல் அட்டாமிக்ஸ் நிறுவனத்தின் சீகார்டியன் ஆளில்லா விமானங்கள் இரண்டு வாடகைக்கு அரக்கோணம் வந்தன. அவற்றில் ஒன்று 2024 செப்டம்பர் 18 அன்று கோளாறாகி வங்காள விரிகுடாவில் இறக்கப்பட்டது. 2024 மார்ச்சில் சிகோர்ஸ்கி சீஹாக் ஹெலிகாப்டர் அணி கொச்சியில் அமைந்தது.

விமானங்களைச் செய்த நிறுவனங்களில் பழைய பெயரோடு தனித்து நிற்பவை குறைவு. கன்சாலிடேட்டட், வல்ட்டீயுடன் இணைந்து கான்வேர் ஆகி ஜெனரல் டைனமிக்ஸில் கரைந்தது. நிலவில் மனிதனை இறக்கிய கலத்தையும் கட்டிய கிரம்மன் 1994இல் நார்த்ராப்புடன் சேர்ந்தது. மெக்டானலும் டக்ளஸும் 1967இல் ஒன்றாகி, 1997இல் போயிங்குக்குள் போயின. லாக்ஹீட், மார்ட்டினோடு சேர்ந்து, இன்று சிகோர்ஸ்கிக்கும் உரிமையாளர். நூறாண்டுத் தொழில் நாலைந்து கைகளில் சுருங்கிவிட்டதால் வாங்குகிற நாட்டுக்குப் பேரம் பேசும் இடமும் சுருங்கியிருக்கிறது.

312ஆம் அணி லாக்ஹீட், டுபோலெவ், போயிங் என்று மூன்று விமானம் மாறிவிட்டது. குப்பையிலிருந்து லிபரேட்டரை எழுப்பிப் பறக்கவிட்ட நாடு, நெடுந்தூரக் கடல் ரோந்துக்குச் சொந்தமாக ஒரு விமானத்தை இன்னும் கட்டவில்லை.