பிளாஸ்கில் வரும் காப்பி: நோயாளிக்கு எப்படி, எப்போது தருவது?

காலை ஆறு மணிக்கு நம் உள்நோயாளிகள் பிரிவின் மின்தூக்கியில் ஏறினால், உடன் வருவோரில் பலருடைய கையில் ஒரு பிளாஸ்க் இருக்கும். இரவெல்லாம் கண்விழித்த உறவினருக்கும், படுக்கையில் இருக்கும் நோயாளிக்கும் வீட்டிலிருந்து வரும் முதல் ஆறுதல் அதுவே. மருந்தை நாங்கள் தருகிறோம். காப்பியைக் குடும்பத்தார் தருகின்றனர். இரண்டும் ஒரே வேளையில் வயிற்றுக்குள் சென்றால் என்ன நிகழும் என்பதை மருத்துவர்கள் பல நேரங்களில் கேட்பதில்லை. நானும் ஒரு காலத்தில் கேட்கத் தவறியிருக்கிறேன்.

தைராய்டு சுரப்புக் குறைவுக்காக ஓர் அம்மையார் என்னிடம் சிகிச்சை பெற்று வந்தார். நாள் தவறாமல் மாத்திரை உட்கொள்பவர். ஆயினும் அவருடைய டி.எஸ்.எச். அளவு உயர்ந்தே இருந்தது. ஓராண்டுக்குள் மூன்று முறை மாத்திரையின் அளவைக் கூட்டினேன். அடுத்த முறை அவருடைய கணவரும் உடன் வந்திருந்தார்.

"மாத்திரையை எப்படிச் சாப்பிடுகிறீர்கள் அம்மா?" என்று கேட்டேன்.

பதில் கணவரிடமிருந்து வந்தது. "நான்தான் கொடுக்கிறேன் டாக்டர். விடியற்காலையில் எழுந்து காப்பி போட்டு, டம்ளரோடு மாத்திரையையும் கொண்டுபோய்க் கொடுத்துவிடுவேன். ஒரு நாள்கூட மறந்ததில்லை."

அவருடைய அக்கறையில் குறை ஏதும் இல்லை. முதல் நாளே நான் கேட்டிருக்க வேண்டிய கேள்வியைக் கேட்காமல் விட்டதுதான் குறை. மாத்திரையைத் தண்ணீருடன் தந்து, ஒரு மணி நேரம் கழித்துக் காப்பி தருமாறு கேட்டுக்கொண்டேன். அதன் பிறகு செய்த பரிசோதனைகளில், நான் கூட்டிய அளவைப் படிப்படியாகக் குறைக்க நேர்ந்தது.

பெரும்பாலான நோயாளிகள் அளவோடு காப்பி அருந்தலாம். அதனை எவ்வாறு தயாரிப்பது, எவ்வாறு எடுத்து வருவது, எந்த வேளையில் தருவது என்னும் மூன்றையும் உடனிருப்போர் அறிந்திருந்தால் போதும்.

டிகாக்‌ஷன் இறக்கும் முறை

நம் வீடுகளில் உள்ள எவர்சில்வர் பில்டரே போதுமானது. மேல் பாத்திரத்தில் மூன்று மேசைக்கரண்டி காப்பித் தூளை இட்டுச் சமன்செய்து, அழுத்துத் தட்டை அதன்மீது இலேசாக வையுங்கள். அழுத்தம் மிகுந்தால் நீர் இறங்காது. கொதித்த நீரை அடுப்பிலிருந்து இறக்கி, அரை நிமிடம் பொறுத்து, சுமார் 150 மி.லி. அளவுக்கு மெதுவாக ஊற்றி மூடுங்கள். பதினைந்து நிமிடங்களில் ஏறத்தாழ 100 மி.லி. டிகாக்‌ஷன் இறங்கிவிடும். இரண்டு அல்லது மூன்று டம்ளர் காப்பிக்கு இது போதும்.

தூளில் சிக்கரி கலந்திருக்கிறதா என்று உறையைப் பாருங்கள். சிக்கரி என்பது ஒரு செடியின் வேர்; அதில் காஃபின் இல்லை. இந்திய உணவுப் பாதுகாப்பு விதிகளின்படி, கலவைத் தூளில் காப்பி 51 சதவீதத்திற்குக் குறையக் கூடாது. ஆகவே ஒரே அளவு தூளை இட்டாலும், கலவைக்கு ஏற்ப உடலில் சேரும் காஃபின் மாறுபடும்.

மின்சார டிரிப் கருவி உள்ளவர்களுக்கு

வெளிநாட்டில் வாழும் பிள்ளைகள் வாங்கித் தந்த மின்சார டிரிப் கருவி இன்று பல வீடுகளில் உள்ளது. காகித வடிதாளை 1908-இல் ஜெர்மனியைச் சேர்ந்த மெலிட்டா பென்ட்ஸ் என்னும் இல்லத்தரசி உருவாக்கினார். மின்சாரத்தால் இயங்கும் டிரிப் கருவியும் 1954-இல் அதே நாட்டில்தான் தோன்றியது.

இக்கருவியில் இருவகை உண்டு. ஒன்றில் கண்ணாடிக் குடுவை ஒரு சூடேற்றும் தட்டின்மீது அமர்ந்திருக்கும். நேரம் செல்லச் செல்லக் காப்பி காய்ந்து கசக்கும். மற்றொன்றில் பிளாஸ்க் போன்ற இரட்டைச் சுவர்க் குடுவை இருக்கும். அதற்கு அடித்தட்டுச் சூடு தேவையில்லை. நோயாளி உள்ள வீட்டுக்கு இந்த இரண்டாம் வகை பாதுகாப்பானது. அடுத்த அறைக்குச் செல்லும் அவசரத்தில் அணைக்க மறந்த தட்டைப் பற்றிய கவலை இல்லை.

குடுவையில் முதலில் வெந்நீர் ஊற்றி, ஐந்து நிமிடம் வைத்துக் கொட்டிவிடுங்கள். குளிர்ந்த குடுவையில் இறங்கும் காப்பி உடனே சூட்டை இழந்துவிடும். ஒரு லிட்டர் நீருக்கு 55 முதல் 60 கிராம் வரை, சற்றுப் பருமனாக அரைத்த தூள் தேவை. பில்டருக்குரிய நுண்ணிய தூளை இட்டால் வடிதாள் அடைத்துக்கொண்டு நீர் வழியும். பல கருவிகளில் குடுவையின் மூடி சரியாகப் பொருந்தியிருந்தால்தான் மேலிருந்து காப்பி இறங்கும். ஆகவே மூடியைச் சரிபார்த்த பின்னரே விசையை அழுத்துங்கள். பால் சேர்த்து அருந்துவோர் நீரின் அளவைப் பாதியாகக் குறைத்துக்கொள்ளலாம்.

காகித வடிதாளால் மற்றொரு நன்மையும் உண்டு. காப்பியில் உள்ள கஃபெஸ்டால் என்னும் எண்ணெய்ப் பொருள் இரத்தத்தில் கெட்ட கொழுப்பை உயர்த்தக்கூடியது. உலோகச் சல்லடை அதனைக் கீழே விட்டுவிடும். காகிதம் பெரும்பகுதியைத் தடுத்துவிடும். கொழுப்பு மிகுந்த, நாள்தோறும் பல டம்ளர் காப்பி அருந்தும் இதய நோயாளிகள் இதனைக் கருத்தில் கொள்ளலாம்.

பாலும் டிகாக்‌ஷனும் தனித்தனியே

பிளாஸ்கின் மூல வடிவத்தை 1892-இல் ஜேம்ஸ் டூவர் என்னும் ஸ்காட்லாந்து விஞ்ஞானி உருவாக்கினார். கடுங்குளிரில் திரவமாக்கிய வாயுக்களைப் பாதுகாப்பதே அவர் நோக்கம். இரண்டு சுவர்களுக்கு இடையே உள்ள வெற்றிடம் வெப்பத்தைக் கடத்துவதில்லை. ஆனால் மூடியின் வழியே வெப்பம் சிறிது சிறிதாக வெளியேறிக்கொண்டே இருக்கும். இங்கேதான் ஓர் ஆபத்து உள்ளது.

பாலைக் கொதிக்க வைத்தாலும் அழியாத நுண்ணுயிர் வித்துகள் சில உண்டு. பால் 60 டிகிரி செல்சியசுக்கு மேல் இருக்கும்வரை அவை பெருகுவதில்லை. அதற்குக் கீழே வெதுவெதுப்பாக இறங்கும்போது முளைத்துப் பெருகத் தொடங்கும். அவற்றுள் சில உண்டாக்கும் நச்சு, மீண்டும் சூடாக்கினாலும் அழியாது. அதிகாலையில் கலந்த பால் காப்பியை நண்பகல்வரை பிளாஸ்கில் வைத்திருந்து தருவது இதனால்தான் தவறு. புற்றுநோய்ச் சிகிச்சை பெறுவோருக்கும், உறுப்பு மாற்றுச் சிகிச்சை செய்துகொண்டோருக்கும் இது கடுமையான தொற்றாக முடியக்கூடும்.

ஆகவே டிகாக்‌ஷனை ஒரு சிறு பிளாஸ்கிலும், கொதிக்கும் பாலை மற்றொன்றிலும் எடுத்து வாருங்கள். இரண்டையும் முன்னதாக வெந்நீரால் சூடுபடுத்தி, விளிம்புவரை நிரப்புங்கள். பாலை இரண்டு மணி நேரத்துக்குள் பயன்படுத்திவிடுங்கள். ஊற்றும்போது ஆவி பறக்காவிடில் கொட்டிவிடுங்கள்.

வீடு திரும்பியதும் பிளாஸ்கைக் கழுவும்போது மூடியில் உள்ள ரப்பர் வளையத்தையும் கழற்றிக் கழுவ வேண்டும். பால் படிவு தங்கும் இடம் அதுவே. உள்ளே படிந்த கறைக்குச் சமையல் சோடா ஒரு கரண்டி இட்டு வெந்நீர் ஊற்றி ஊறவிடுங்கள். கழுவிய பின் மூடாமல் கவிழ்த்து உலர்த்துங்கள். கண்ணாடிப் பிளாஸ்கைக் குலுக்கும்போது சில்லுகளின் ஒலி கேட்டால் அதனை உடனே அப்புறப்படுத்திவிடுங்கள்.

மாத்திரையும் காப்பியும்

தைராய்டு மாத்திரையை வெறும் வயிற்றில் தண்ணீருடன் தந்து, அரை மணி முதல் ஒரு மணி நேரம் கழித்தே காப்பி தர வேண்டும். இரும்புச்சத்து, சுண்ணாம்புச்சத்து மாத்திரைகளுக்கும் தைராய்டு மாத்திரைக்கும் இடையே நான்கு மணி நேர இடைவெளி தேவை.

இரும்புச்சத்து மாத்திரையைப் பொறுத்தவரை, காப்பியில் உள்ள சில பொருள்கள் இரும்புடன் பிணைந்து, அது குடலில் உறிஞ்சப்படுவதைத் தடுக்கின்றன. இரண்டுக்கும் இடையே இரண்டு மணி நேரமாவது இருக்கட்டும். தேநீருக்கும் இது பொருந்தும்.

எலும்புத் தேய்மானத்துக்குத் தரப்படும் அலென்ட்ரோனேட் மாத்திரையைக் காப்பியுடன் விழுங்கினால், அது உடலில் சேரும் அளவு ஏறத்தாழ 60 சதவீதம் குறைந்துவிடும். வெறும் தண்ணீரே உகந்தது. குறைந்தது அரை மணி நேரம் வேறெதுவும் தரக் கூடாது.

சிப்ரோஃப்ளாக்சசின் என்னும் நுண்ணுயிர்க்கொல்லி மருந்தின் ஆற்றலைப் பால் குறைக்கும். அதே மருந்து, காஃபின் உடலை விட்டு நீங்குவதையும் தாமதப்படுத்தும். இம்மருந்து உட்கொள்வோருக்குப் படபடப்பும் உறக்கமின்மையும் ஏற்பட்டால் காப்பியின் அளவைக் குறையுங்கள். ஆஸ்துமாவுக்குத் தியோஃபிலின் உட்கொள்வோருக்கும் இதே எச்சரிக்கை தேவை.

காப்பி தரக்கூடாத வேளைகள்

அறுவைச் சிகிச்சைக்கு முன் பால் கலந்த காப்பிக்கு ஆறு மணி நேர இடைவெளி வேண்டும். மயக்கநிலையில் வயிற்றில் உள்ள பால் மேலெழுந்து நுரையீரலுக்குள் சென்றால் உயிருக்கே ஆபத்து. "பாவம், பசிக்கிறது என்றார், அரை டம்ளர்தான் கொடுத்தேன்" என்று உறவினர் தயங்கித் தயங்கிக் கூறுவதை நாங்கள் கேட்பதுண்டு. அவ்வாறு கொடுத்திருந்தால் மறைக்காமல் சொல்லிவிடுங்கள். அறுவைச் சிகிச்சையைச் சில மணி நேரம் தள்ளிவைக்கலாம்; யாரும் உங்களைக் கடிந்துகொள்ள மாட்டார்கள். தெளிந்த நீர்மங்களை எதுவரை தரலாம் என்பதை மயக்கவியல் மருத்துவரிடமே கேட்டறியுங்கள்.

வெறும் வயிற்றில் எடுக்க வேண்டிய இரத்தப் பரிசோதனைக்கு முன்பும் தண்ணீர் தவிர வேறெதுவும் வேண்டாம். மருந்து செலுத்தி இதயத்தின் இரத்த ஓட்டத்தை ஆராயும் சில சோதனைகளில் காஃபின் அம்மருந்தின் செயலைத் தடுத்துவிடும். அதற்கு முன் 12 முதல் 24 மணி நேரம்வரை காப்பி, தேநீர் ஆகியவற்றைத் தவிர்க்குமாறு கூறப்படும்.

பக்கவாதத்துக்குப் பின் விழுங்கும் திறன் குறைந்திருக்கும் நோயாளிக்கு, பரிசோதனை முடியும்வரை ஒரு வாய்க் காப்பியும் தரலாகாது. இருமல் வராவிட்டாலும் நீர்மம் ஓசையின்றி மூச்சுக்குழலுக்குள் இறங்கி நிமோனியாவை உண்டாக்கும்.

நாள்தோறும் காப்பி அருந்துவோர் திடீரென நிறுத்தும்போது 12 முதல் 24 மணி நேரத்தில் தலைவலி தொடங்கக்கூடும். பட்டினியில் இருக்கும் நோயாளி தலைவலி என்றால், அவருடைய காப்பிப் பழக்கத்தையும் செவிலியரிடம் கூறுங்கள்.

யாருக்கு எவ்வளவு?

உடல்நலமுள்ள பெரியவர் நாளொன்றுக்கு 400 மி.கி. வரையிலும், கருவுற்ற பெண் 200 மி.கி. வரையிலும் காஃபின் கொள்ளலாம் என்பது ஐரோப்பிய உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் கருத்து. டிகாக்‌ஷனின் திடம் வீட்டுக்கு வீடு மாறுவதால், கருவுற்றோர் நாளுக்கு இரண்டு சிறிய டம்ளருக்கு மேல் செல்லாதிருப்பது நலம். காஃபினில் பாதி உடலை விட்டு நீங்க ஏறத்தாழ ஐந்து மணி நேரம் ஆகும். மாலை நான்கு மணிக் காப்பி இரவுத் தூக்கத்தைக் கெடுப்பது அதனால்தான்.

டயாலிசிஸ் செய்துகொள்வோர் காப்பியையும் அன்றைய நீர்க் கணக்கில் சேர்க்க வேண்டும். காப்பி, பால் இரண்டிலும் பொட்டாசியம் உண்டு என்பதையும் மறவாதீர்கள். சர்க்கரை நோயாளிகள் சர்க்கரையைத் தவிர்த்தாலும், பாலில் மாவுச்சத்து உண்டு.

சூட்டையும் கவனியுங்கள். உலக நலவாழ்வு அமைப்பின் புற்றுநோய் ஆய்வு முகமை, 65 டிகிரி செல்சியசுக்கு மேல் சூடான பானங்கள் உணவுக்குழாய்ப் புற்றுநோய்க்குக் காரணமாகலாம் என்று 2016-இல் அறிவித்தது. காப்பி குறித்து அவ்வாறு முடிவுசெய்யப் போதிய சான்றில்லை என்றும் அப்போதே கூறியது. டபராவில் ஆற்றித் தரும் நம் வழக்கம் இங்கே பெரிதும் உதவும். கைநடுக்கம் உள்ள முதியவருக்கு அரை டம்ளராக ஊற்றித் தாருங்கள்.

முதலில் குறிப்பிட்ட அந்தக் கணவர் இப்போது விடியற்காலை ஐந்து மணிக்கு மனைவிக்கு மாத்திரையும் தண்ணீரும் தருகிறார். ஆறு மணிக்குக் காப்பி. "நடுவில் ஒரு மணி நேரம் சும்மா உட்கார்ந்து பேசிக்கொண்டிருக்கிறோம் டாக்டர்" என்றார். அடுத்த முறை மருத்துவரைக் காண வரும்போது, எந்த மாத்திரையை எதனோடு, எத்தனை மணிக்கு உட்கொள்கிறீர்கள் என்பதை ஒரு தாளில் எழுதி வாருங்கள். நாங்கள் கேட்க மறந்தாலும் நீங்களாகவே சொல்லுங்கள். உங்கள் வீட்டுக் காப்பி வேளையும் எங்கள் சிகிச்சைக்கு வேண்டிய ஒரு தகவலே.