நினைவில் நிற்கும் கடவுச்சொல்

“கடவுச்சொல்லை எத்தனை நாளுக்கு ஒருமுறை மாற்ற வேண்டும்?” என்று பயிற்சிகளில் சக ஆசிரியர்கள் என்னிடம் கேட்பதுண்டு. அடிக்கடி மாற்றச் சொன்னால் என்ன செய்கிறோம்? இறுதியில் 1 இருந்த இடத்தில் 2 போடுகிறோம். அல்லது தாளில் எழுதி மேசையில் ஒட்டுகிறோம். இரண்டும் திருடுபவருக்கே வசதி.

எனவேதான், அமெரிக்காவின் தேசியத் தரநிலைகள் மற்றும் தொழில்நுட்ப நிறுவனம் 2017இல் தன் வழிகாட்டுதலை மாற்றியது. கடவுச்சொல் கசிந்ததற்கான சான்று இருந்தால் மட்டும் மாற்றச் சொல்ல வேண்டும். பெரிய எழுத்து, குறியீடு எனக் கட்டாயப்படுத்தக் கூடாது. குறைந்தது 8 எழுத்துகள் தேவை என்று 2017இல் அது சொன்னது. 64 எழுத்துகள் வரையாவது அனுமதிக்க வேண்டும்.

மாணவர்களிடம் நான் சொல்வது: தொடர்பில்லாத நான்கைந்து சொற்களைக் கோத்துக்கொள்ளுங்கள், ‘கிணறு மூக்குத்தி தபால் மேகம்’ என்பதுபோல. இதையே எடுத்துக்கொள்ளாமல் நீங்களே உருவாக்குங்கள். ஒவ்வொரு கணக்குக்கும் வேறாக இருக்கட்டும்.